நிகழ்ச்சி நிரலில் அந்தோனியார்

நடப்பதற்கு ஒரு தலைவரும் செயலாளரும் மூன்று உபதலைவர்களும் போசகர் என்று ஒரு புரவலரும் எதற்கு என்று நீங்கள் கேட்கலாம். கனடாவின் ஸ்காபரோவில் கேட்டுவிடாதீர்கள், உங்களையும் நிர்வாக சபையில் போட்டுவிடுவார்கள். ஸ்காபரோத் தமிழ் மூத்தோர் நடை மன்றம் அப்படித்தான் வளர்ந்தது. பனிக்காலத்தில் றோட்டில் கால் வைக்க முடியாத நாலு பேர், கடைகள் திறக்குமுன் மோலுக்குள் புகுந்து, வாய் பேசாமல் இரண்டு சுற்று நடந்து, கோப்பி குடித்துவிட்டு வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். ஐந்தாவதாக வந்து சேர்ந்தவர் பத்மநாதன். அடுத்த கிழமையே மன்றத்துக்குச் சட்டவிதிகளோடு ஒரு யாப்பும் ஒரு கொடியும் இருந்தன. உறுப்பினர்கள் பெருகினார்கள். நடப்பவர்கள் மட்டும் அதே நாலு பேர்தான்.

பஸ்ரியனும் மனைவி மக்டலீனும் அதில் சேர்ந்தது நடப்பதற்காக அல்ல. அவர்களுக்கு லிஸ்பனுக்குப் போக வேண்டியிருந்தது.

அது ஒரு நேர்த்திக்கடன். பிறம்ரனில் லொறி ஓட்டும் மகன் கிளிபோட் ஒரு மாரியில் பனியில் சறுக்கிப் பள்ளத்துக்குள் லொறியோடு புரண்டான். ஆஸ்பத்திரி வாங்குப்பலகையில் இருந்தபடி மக்டலீன் அந்தோனியாரிடம் பேசினாள். "என்ர பிள்ளை எழும்பி நடந்தா, நீர் பிறந்த வீட்டுக்கே வந்து மெழுகுதிரி கொளுத்துறன்." பிள்ளை எழும்பி நடந்தான். பதுவைப் பதியர் என்று சின்ன வயதிலிருந்து செபித்துப் பழகியதால், அவர் பிறந்ததும் இத்தாலியில், அந்தப் பதுவை நகரில்தான் என்று அவள் நினைத்திருந்தாள். பங்குச் சாமியார்தான், அவர் பிறந்தது லிஸ்பனில், பேராலயத்துக்குப் பக்கத்தில், பிறந்த அறையின் மேலேயே கோயில் கட்டியிருக்கிறார்கள் என்று சொன்னார். அந்தோனியாரோடு பேசிய பேச்சில் பிசகக் கூடாது. மன்னார்க்காரியான மக்டலீனுக்கு அதை யாரும் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை.

மக்டலீனின் முழங்கால்தான் காத்திருக்கவில்லை. நீரிழிவு இருப்பதால் ஆபரேசனும் செய்ய முடியாது, ஏற்றம் இறக்கம் எல்லாம் இந்த வருடத்தோடு முடித்துக்கொள்ளுங்கள் என்று டொக்ரர் சொல்லிவிட்டார். லிஸ்பனோ ஏற்றமும் இறக்கமுமான ஊர். பஸ்ரியன் மகனிடம் கேட்டார்.

"அம்மாவைத் தனியக் கூட்டிக்கொண்டு திரியாதேங்கோ அப்பா," என்றான் கிளிபோட். "நீங்கள் ரெண்டு பேரும் ஏர்போட்டிலயே துலைஞ்சுபோவியள். ஏதாவது குறூப்போட போங்கோ."

அந்த நேரம் பார்த்துத்தான் நடை மன்றம் அறிவித்தது: வைகாசியில் லிஸ்பன் பயணம். அதன் சிகரம், அந்நாட்டு வழிகாட்டி ஒருத்தியுடன் பழைய நகரத்தில் இரண்டு மணித்தியால நடை. ஆற்றங்கரைச் சதுக்கம், பேராலயம், அந்தோனியார் கோயில், மேலே கோட்டை. மக்டலீன் அதை மூன்று தரம் வாசித்துவிட்டு, மூன்றாவது பெயரை விரலால் தொட்டு முத்தமிட்டாள். இப்படி ஒரு வசதியை அந்தோனியாரே ஒழுங்குபண்ணியிருக்கிறார் என்று இருவரும் நம்பினார்கள். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி இடங்கொடான் என்பது அந்த நேரத்தில் ஞாபகம் வரவில்லை.

முதற்கூட்டத்தில் தலைவர் பத்மநாதன் எழுந்தார். ஊரில் கல்விக் கந்தோரில் பெரிய பதவியில் இருந்தவர். ஒலிவாங்கி இல்லாத இடத்திலும் இருப்பதுபோலவே பேசுவார்.

"ஐரோப்பாவில எங்கட ஆக்கள் ஒழுங்கில்லாமல் நடந்தினம் எண்டு நாளைக்கு ஒருத்தரும் சொல்லக்கூடாது. ஆனபடியா வாற சனிக்கிழமை தொடக்கம் ஒத்திகை. ஒத்திகைக்கு வராதவை லிஸ்பனுக்கு வர ஏலாது. இது கட்டளை இல்லை, அன்பான வேண்டுகோள். வராட்டில் பேரை வெட்டுவம்."

மோல் லிஸ்பனாக்கப்பட்டது. வாசற் கண்ணாடிக் கதவு ஆற்றங்கரைச் சதுக்கம். மருந்துக்கடை பேராலயம். அதற்குப் பக்கத்துச் சப்பாத்துக்கடை அந்தோனியார் கோயில். மேல்மாடியில் சாப்பாட்டுக் கடைகள் இருக்கும் இடம் கோட்டை. கோட்டைக்கு ஏறும் மலை, நகரும் படிக்கட்டு. அது தானாக ஏறிக்கொண்டு போவதால் ஒத்திகை கெடுகிறது என்று செயலாளர் புனிதவதி முறைப்பாடு செய்தார். நிறுத்தச் சொல்லி மோல்காரரைக் கேட்டார்கள், அவர்கள் சிரித்தார்கள். ஆகவே, இறங்கும் படிக்கட்டில் ஏறுவது என்று ஏகமனதாகத் தீர்மானம் நிறைவேறியது. உபதலைவர் ஒருவர் அதில் ஏறத் தொடங்கி, அரை மணித்தியாலமாக அதே இடத்தில் நடந்துகொண்டிருந்தார். மன்றத்தின் சரித்திரத்தில் அவ்வளவு தூரம் நடந்தவர் வேறு யாரும் இல்லை.

முதல் ஒத்திகைக்கு மக்டலீன் புதுச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு வந்தாள். குத்துவிளக்கு வந்தது. நெருப்புக் கூடாது என்று காவலாளி வந்தான். பற்றறி விளக்கு வாங்கி வரும்வரை எல்லோரும் நின்றார்கள். பிறகு போசகர் பொத்தானை அமுக்கி மங்கள விளக்கேற்றினார். கனடா கீதம், தமிழ்த்தாய் வாழ்த்து, வரவேற்புரை, தலைமையுரை, போசகரின் ஆசியுரை. ஆசியுரை முடிய, கடைகளின் இரும்புக் கதவுகள் கடகடவென்று மேலே போயின. இனிச் சனம் வந்துவிடும், நடக்க முடியாது. கண்ணாடிக் கதவிலிருந்து ஓர் அடிகூட எடுத்து வைக்காமல் அன்றைய நடை இனிதே நிறைவுற்றது என்று புனிதவதி நன்றியுரையில் தெரிவித்தார்.

நின்ற நேரம் முழுக்க மக்டலீன் ஒரு காலை மாற்றி மறு காலில் பாரத்தைப் போட்டுக்கொண்டு நின்றாள். பக்கத்தில் மோலின் வாங்குகள் சும்மா கிடந்தன. பஸ்ரியன் அவளை அங்கே கூட்டிப்போய் இருத்தினார். புனிதவதி ஓடி வந்தார்.

"அண்ணை, குறை நினைக்காதேங்கோ. லிஸ்பன் றோட்டில வாங்கு இருக்காது. ஒத்திகை எண்டா உள்ளதை உள்ளபடி செய்ய வேணும். மக்டலீன் அக்கா எழும்போணும்."

"அப்ப அங்க இருக்கிறவை?" என்று பஸ்ரியன் கேட்டார். தலைவரும் போசகரும் உபதலைவர்களும் வரிசையாகக் கதிரைகளில் இருந்தார்கள்.

"அது மேடை," என்றார் புனிதவதி.

மேடை எங்கே இருக்கிறது என்று பஸ்ரியன் சுற்றிலும் பார்த்தார். ஒரே தரைதான். ஆனாலும் அந்தக் கதிரைகளில் இருந்தவர்களின் முகத்தில் ஓர் உயரம் தெரிந்ததால் மக்டலீனைக் கைபிடித்து எழுப்பிவிட்டார். அவர் அந்தக் காலத்திலிருந்தே வாய் காட்டாத மனிதர். கூட்டத்தோடு ஒத்துப்போனால் ஒருவருக்கும் நட்டமில்லை என்று நினைப்பவர். இந்த நினைப்பினால் அவருக்கு வந்த நட்டங்களைச் சொல்லப் போனால் கதை நீண்டுவிடும்.

ஒத்திகைகள் தொடர்ந்தன. சதுக்கத்தில் குதிரைமேல் ஒரு ராசா சிலையாக இருக்கிறார் என்று யாரோ கணினியில் பார்த்துச் சொன்னார்கள். ஒரு நாட்டுக்குப் போய் அந்த நாட்டு ராசாவுக்குப் பொன்னாடை போர்த்தாமல் வருவது தமிழர் பண்பாடா என்று போசகர் கேட்டார். இல்லை என்று சபை ஒத்துக்கொண்டது. மோலில், காசு போட்டால் ஆடும் சின்னப் பிள்ளைகளின் குதிரை ஒன்று இருந்தது. அதில் பொருளாளரை ராசாவாக ஏற்றி வைத்துப் பொன்னாடை போர்த்திப் பழகினார்கள். யார் காசு போட்டதோ தெரியாது, குதிரை ஆடத் தொடங்கிவிட்டது. தலைவர் போர்த்துவதும் ராசா நழுவுவதுமாக ஒரு சனிக்கிழமை போயிற்று. மக்டலீன் அன்று சிரித்தாள். வீட்டுக்கு வந்ததும் முழங்காலுக்குப் பனிக்கட்டி வைத்தாள்.

பிறகு பிரதம விருந்தினர் வந்தார். நடைக்குப் பிரதம விருந்தினர் எதற்கு என்று கேட்பவர்களுக்கு, செலவுக்குக் காசு தரும் அனுசரணை என்ற ஒன்று உலகத்தில் இருப்பது தெரியாது. அவர் பெயர் றோய், வீடு விற்கும் முகவர். பதாகையில் லிஸ்பன் ஒரு மூலையில் சின்னதாகவும் றோயின் சிரித்த முகம் மற்ற எல்லா இடத்திலுமாக இருந்தன. அவர் வராமல் தொடங்க முடியாது. அவரும் ஒரு வீட்டைக் காட்டிவிட்டு வருகிறேன் என்று சொல்லிச் சொல்லி, கடை திறக்கும் நேரத்துக்குத்தான் வந்தார். சப்பாத்துக்கடை வாசலில் சிவப்பு நாடா கட்டியிருந்தது. அதை வெட்டி அந்தோனியார் கோயிலைத் திறந்துவைத்து அவர் உரையாற்றினார்.

"லிஸ்பன் நல்ல சிற்றி. ஆனா விலை ஏறிட்டுது, பாக்கிங்கும் இல்லை. அந்தோனியார் அந்தக் காலத்தில தெரியாமல் அங்க பிறந்திட்டார். இண்டைக்கு எண்டா எங்கட மார்க்கம் நகரத்திலதான் பிறந்திருப்பார். நல்ல பள்ளிக்கூடம், ரெண்டு கார் கராஜ். அன்ரிமார் ஆருக்கும் பேஸ்மென்ற் வாடகைக்கு விடுற யோசனை இருந்தா என்னோட கதையுங்கோ."

கைதட்டினார்கள். மக்டலீன் சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டாள். கோபத்தில் போட்டாளா, மன்னிப்புக் கேட்டுப் போட்டாளா, பஸ்ரியனுக்குத் தெரியவில்லை. அன்று காருக்குப் போகும்போது அவள் முதன்முறையாக அவருடைய தோளைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். இது நடந்து தேய்ந்த முழங்கால் அல்ல. உரை கேட்டுத் தேய்ந்த முழங்கால். அதற்கு மருந்தே கிடையாது.

"இனி ஒத்திகைக்கு வரவேண்டாம், நான் தனியப் போறன்," என்று பஸ்ரியன் சொன்னார்.

"பேரை வெட்டிப்போடுவினம்," என்றாள் மக்டலீன். "நான் நிப்பன். அந்தோனியார் பாத்துக்கொள்ளுவார்."

பங்குனி மாதம் லிஸ்பன் வழிகாட்டிப் பெண்ணுடன் ஸூம் கூட்டம் வைத்தார்கள். மன்றம் அனுப்பிய நிகழ்ச்சி நிரலை அவள் கையில் வைத்திருந்தாள். நல்ல பிள்ளை, பணிவாகத்தான் பேசினாள். தன்னுடைய நடை இரண்டு மணித்தியாலம், இந்த நிரலின்படி முதற் சதுக்கத்தை விட்டு வெளிக்கிடவே மத்தியானமாகிவிடும், நகரத்தைப் பற்றித் தான் பேசுவதற்கு நேரமே ஒதுக்கவில்லையே என்று ஆங்கிலத்தில் கேட்டாள். புனிதவதி அதை மொழிபெயர்த்தார். சபையில் சலசலப்பு எழுந்தது. தலைவர் கையைக் காட்டி அடக்கினார்.

"வழிகாட்டி எண்டா வழியைக் காட்டினாக் காணும். கதைக்கிறதுக்கு நாங்கள் இருக்கிறம். எண்டாலும் பண்பாடு கருதி, அந்தப் பிள்ளைக்கு நன்றியுரையில ஒரு வசனம் குடுப்பம்."

அந்தப் பெண் நிரலை மறுபடியும் மேலிருந்து கீழ்வரை விரலால் எண்ணிப் பார்த்தாள். பிறகு, நேரம் இரண்டு மணித்தியாலம்தான், எதையாவது குறையுங்கள் என்றாள்.

குறைப்பதற்காக மோலின் மேல்மாடியில், அதாவது கோட்டையில், அவசரக் கூட்டம் கூடிற்று. வரவேற்புரையைக் குறைக்க முடியாது, அது உபதலைவருடையது. ஆசியுரையைக் குறைத்தால் போசகர் கோபிப்பார். றோயின் உரையில் கை வைக்கவே முடியாது, பதாகை அவருடையது. ஒருவரும் உரிமை கேட்காத சாமான் ஒன்றுதான் மிஞ்சியிருந்தது. அது நகரம். பேராலயத்தை வெளியில் நின்று பார்த்தால் போதும் என்றார்கள். கோட்டை ஏற்கெனவே பழகிவிட்டது, விட்டுவிடலாம் என்றார்கள். அந்தோனியார் கோயிலுக்குப் போய் வரும் நேரத்தை எடுத்தால் தலைமையுரைக்குக் கொஞ்சம் மூச்சுவிட இடம் வரும் என்று ஒருவர் கணக்குப் பார்த்துச் சொன்னார்.

பஸ்ரியன் எழுந்தார். அவர் எழுந்ததில் அவருக்கே ஆச்சரியம்.

"தலைவர், நானும் மனிசியும் இதுக்கெண்டுதான் வாறம். அவவுக்கு ஒரு நேர்த்தி இருக்கு. அந்தக் கோயிலை மட்டும் எடுக்காதேங்கோ."

பத்மநாதன் கைகூப்பினார். அவருடைய குரலில் தேன் வடிந்தது.

"அண்ணை, உங்கட அந்தோனியாரை நாங்கள் கைவிடுவமோ? அவர் நிகழ்ச்சி நிரலில இருக்கிறார். பாதையிலதான் இல்லை. மற்றது, இது மதசார்பற்ற மன்றம். ஒரு சமயத்தின்ர கோயிலுக்குப் போனா மற்றச் சமயத்துக்கும் போகவேணும். பிள்ளையாருக்கு லிஸ்பனில என்ன ஒழுங்கு எண்டு நாளைக்கு என்னைக் கேப்பினம். சமநிலை பேணுறதுக்காக, ஆரம்ப நிகழ்வாக இஞ்ச பக்கத்தில இருக்கிற றிச்மண்ட் ஹில் பிள்ளையார் கோயிலுக்குப் போய்க் கும்பிட்டிட்டு வெளிக்கிடுவம். அது உங்களுக்கும் சேத்துத்தான்."

"அப்ப நாங்கள் ரெண்டு பேரும் ஒரு அரை மணித்தியாலம் விலகிப்போய்..."

"விலகிறதோ?" என்று போசகர் கதிரையில் நிமிர்ந்தார். "யாப்பில விலகிறதுக்கு இடமில்லை. ஒருத்தர் விலகினா அது பிளவு. எங்கட இனம் கெட்டதே உந்தப் பிளவாலதான்."

ஒரு மெழுகுதிரிக்குப் போய் இனத்தைப் பிளப்பவராகப் பஸ்ரியனால் இருக்க முடியவில்லை. அவர் திரும்பவும் கதிரையில் இருந்துவிட்டார். தொலைந்துபோன சாமானைக் கண்டுபிடித்துத் தருபவர் என்று அந்தோனியாரைச் சொல்வார்கள். அவரையே தொலைத்துவிட்டால் யாரிடம் போய் முறையிடுவது?

வழிகாட்டிப் பெண் சித்திரையில் விலகிக்கொண்டாள். மன்றத்தின் உறுப்பினர் அல்லாததால் அவளை யாப்பு தடுக்கவில்லை. வேறு வழிகாட்டி தேடலாமே என்று ஒருவர் மெல்லச் சொன்னார். "எங்களை மதிக்காத நகரத்துக்கு நாங்கள் போகத் தேவையில்லை," என்று தலைவர் முழங்கினார். பயணம் ரத்தாயிற்று. அன்றிரவு பஸ்ரியன் கிளிபோட்டுக்குப் போன் எடுத்து, நீயாவது கூட்டிக்கொண்டு போ மகன் என்று கெஞ்சினார். அவன் கல்கரிக்கு லோடு ஏற்றிக்கொண்டு நின்றான். சம்மர் முடியட்டும் அப்பா என்றான். அப்போது மக்டலீன் கட்டிலிலிருந்து எழும்பிக் குளியலறைக்குப் போகவே சுவரைப் பிடிக்க வேண்டியிருந்தது. ஊன்றுதடி போய், பிடித்து உருட்டி நடக்கும் நாலு கால் வண்டி வந்துவிட்டது. டொக்ரர் ஏற்றத்தைப் பற்றி இப்போது பேசுவதே இல்லை. பஸ்ரியனுக்கு வயிறு எரிந்தது. யார்மேல் எரிகிறது என்றுதான் பிடிபடவில்லை. நேரில் பார்த்தால் எல்லோரும் கைகூப்பி, அண்ணை சுகமோ என்று கேட்கிற மனிதர்கள்.

வைகாசியில், லிஸ்பனில் இருந்திருக்க வேண்டிய அதே சனிக்கிழமை, மார்க்கம் நகரில் ஒரு விருந்து மண்டபத்தில் விழா வைத்தார்கள். அழைப்பிதழில் 'லிஸ்பன் நடை நிறைவு விழா' என்று போட்டிருந்தது. பஸ்ரியன் வாசலில் புனிதவதியைப் பிடித்தார்.

"தங்கச்சி, நாங்கள் இன்னும் போகேல்லையே?"

"போறது வெறும் பிரயாண ஒழுங்கு அண்ணை. நடை முடிஞ்சுதுதானே. எத்தினை சனிக்கிழமை!" அவர் உண்மையாகவே மனம் நிறைந்து சொன்னார். "எல்லாருக்கும் சான்றிதழ் இருக்கு."

விளக்கேற்றினார்கள். எல்லா உரைகளும் வந்தன. அந்த மண்டபத்தில் எல்லோருக்கும் கதிரை இருந்தது. தலைவர் தமது உரையில், லிஸ்பனுக்குப் போகாமலே லிஸ்பனை நடந்து முடித்த ஒரே மன்றம் உலகத்தில் நம்முடையதுதான் என்றார். மெய்தான், அதை மறுக்க ஆளில்லை. பிறகு, ஓர் ஒத்திகையும் தவறவிடாதவர் என்ற முறையில் திருமதி மக்டலீன் பஸ்ரியன் அவர்களுக்கு 'நடைத் தாரகை' என்ற பட்டமும் கேடயமும் வழங்கப்படும் என்று அறிவித்து அவளை மேடைக்கு அழைத்தார்.

அது உண்மையான மேடை. மூன்று படி இருந்தது. மக்டலீன் வண்டியை உருட்டிக்கொண்டு முதற்படி வரை போனாள். ஒரு காலைத் தூக்கி வைத்தாள். மற்றக் கால் வரவில்லை. மண்டபம் முழுவதும் கைதட்டிக்கொண்டே இருந்தது. காலை எடுத்துக் கீழே வைத்துவிட்டு, அவள் திரும்பிப் பஸ்ரியனைப் பார்த்தாள். யாராவது கேடயத்தைக் கீழே கொண்டுவந்து கொடுத்திருக்கலாம். ஆனால் படப்பிடிப்பாளர் மேலே நின்றார், பதாகையும் மேலே இருந்தது. "அண்ணை வாங்கோ, அக்காவுக்குப் பதிலா நீங்கள் வாங்குங்கோ," என்றார் தலைவர். பஸ்ரியன் ஏறினார். பொன்னாடை போர்த்தினார்கள், கேடயத்தைக் கையில் திணித்தார்கள், றோய் தோளில் கை போட்டுப் படம் எடுத்தார். நன்றியுரை சொல்லவிருந்தவர் வராததால், ஒலிவாங்கியும் அவருடைய கைக்கு வந்துவிட்டது.

அவர் அதை எதிர்பார்க்கவில்லை. ஆனால் சொல்ல வேண்டியது முழுக்க அவரிடம் இருந்தது. சித்திரை முழுவதும் குளிக்கும்போது சுவரைப் பார்த்துச் சொல்லிப் பார்த்திருக்கிறார். இந்த மனிசி நடக்க வந்தவள், நீங்கள் நிற்க வைத்தே நடக்க முடியாமல் ஆக்கிப்போட்டீர்கள். உங்களுக்கு ஊர் வேண்டாம், சாமி வேண்டாம், ஒலிவாங்கி மட்டும் காணும். அவள் அந்தோனியாருக்கு என்ன பதில் சொல்வாள்? இவ்வளவும்தான். தொண்டையைச் செருமினார். கீழே மக்டலீன் வண்டியைப் பிடித்தபடி அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றாள். முன்வரிசையில் எல்லா முகங்களும் அன்பாகச் சிரித்தன.

"மதிப்புக்குரிய தலைவர் அவர்களே," என்று பஸ்ரியனின் வாய் சொன்னது.

பிறகு அதை நிறுத்த முடியவில்லை. போசகர் அவர்களே, உபதலைவர்களே, அயராது உழைத்த செயலாளர் அவர்களே, அனுசரணை வழங்கிய றோய் அவர்களே என்று அது ஒருவரையும் விடாமல் போயிற்று. அத்தனை சனிக்கிழமைகள் நின்று கேட்டதெல்லாம் எழுத்துப் பிசகாமல் உள்ளே இருந்திருக்கிறது. பற்றறி விளக்குக்கு நன்றி சொன்னது, மோலின் காவலாளிக்கு நன்றி சொன்னது. பொன்னான நேரத்தைச் செலவுசெய்து வந்தவர்களுக்கும் வர விரும்பியும் வர முடியாமற் போனவர்களுக்கும் நன்றி சொல்லி, வணக்கத்தோடு முடித்தது. இப்படி ஒரு நன்றியுரையை மன்றம் கேட்டதில்லை. போசகர் எழுந்து நின்று கைதட்டினார். அடுத்த நிர்வாக சபையில் அண்ணைக்கு ஓர் இடம் உண்டு என்று தலைவர் அங்கேயே அறிவித்தார்.

பஸ்ரியன் இறங்கி வந்து மக்டலீனை மேசைக்குக் கூட்டிப்போய் இருத்தி, கேடயத்தைத் தட்டுகளுக்கு நடுவில் வைத்தார். அவளுடைய முகத்தைப் பார்க்க அவருக்குத் துணிவு வரவில்லை.

"நல்லாக் கதைச்சியள்," என்றாள் மக்டலீன்.

பகிடியாகச் சொல்லவில்லை. பகிடி என்றால் அவர் தாங்கியிருப்பார்.

மேடையில் தலைவர் மீண்டும் ஒலிவாங்கியைப் பிடித்திருந்தார். அடுத்த வருடம் மன்றம் வியன்னா நகரத்தை நடக்கப்போகிறது, ஒத்திகை வருகிற சனிக்கிழமை தொடங்குகிறது, சேர விரும்புகிறவர்கள் கையை உயர்த்துங்கள் என்றார். மக்டலீன் பஸ்ரியனின் காதருகே குனிந்தாள்.

"இஞ்சேருங்கோ, வியன்னாவில எந்தப் புனிதர் பிறந்தவர்?"

பஸ்ரியனுக்குத் தெரியவில்லை. தெரியாது என்று சொல்ல அவர் திரும்பியபோது, அவள் கையை உயர்த்தியிருந்தாள்.